உதட்டுக்குப் பொருந்திய மன்னிப்பு

ஒலிப்பதிவுக் கூடத்தில் எல்லாரும் அவளை வசனக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். இந்திப் படங்களைத் தமிழில் பேச வைப்பது அவள் தொழில். அதற்கு இந்தி தெரிய வேண்டும், தமிழ் தெரிய வேண்டும் என்று வெளியே இருப்பவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். அவை இரண்டும் கொஞ்சம் முன்னேபின்னே இருந்தாலும் சமாளித்துவிடலாம். உதடு தெரியாவிட்டால் பிழைப்பு இல்லை. திரையில் இருப்பவன் வாயை மூடும் இடத்தில் தமிழும் வாயை மூட வேண்டும். அவன் வாய் அசைந்துகொண்டிருக்கும்போதே வசனம் தீர்ந்துபோனால் காதல் படம் பேய்ப்படமாகிவிடும். ஆகவே எந்தக் காட்சியையும் அவள் முதலில் சத்தத்தை நிறுத்திவிட்டுத்தான் பார்ப்பாள். ஒரு மனிதன் என்ன சொல்கிறான் என்பதைக் கேட்காமல், எவ்வளவு நேரம் சொல்கிறான் என்பதை மட்டும் பார்ப்பாள்.

மன்னிப்புக் காட்சிகள் அவளுக்கு அல்வா சாப்பிடுவது மாதிரி. இந்தியில் அவன் 'மாஃப்' என்று தொடங்குவான், தமிழில் இவன் 'மன்னிச்சிடு' என்று தொடங்குவான். இரண்டுக்கும் உதடு ஒட்டித்தான் பிரிய வேண்டும். "ரெண்டு பாஷையிலயும் மன்னிப்பு வாய மூடிட்டுதான் ஆரம்பிக்குது. அப்படியே மூடினபடி விட்டிருந்தா பாதி சண்டை வந்திருக்காது" என்பாள்.

அந்தக் கூடத்துக்கு வந்து சேர்ந்ததெல்லாம் ஒரே மாதிரிப் படங்கள். பத்துப் பேரை ஒரே கையால் பறக்கவிடும் நாயகர்கள் பெரிய கூடங்களுக்குப் போய்விடுவார்கள். இங்கே வருகிறவன் பரீட்சையில் தோற்றவன், வேலை போனதை வீட்டில் சொல்லாதவன், ரயில் புறப்பட்ட பிறகு நடைமேடைக்கு ஓடி வருகிறவன். தன்னை என்ஜினியர் என்று சொல்லிக்கொள்வான். பார்த்தால் லிஃப்ட் இயக்குகிறவனாக இருப்பான். அவன் காதலிக்கும் பெண்ணுக்கு ஏற்கெனவே ஒரு மாப்பிள்ளை பார்த்திருப்பார்கள். அந்த மாப்பிள்ளை நல்ல வேலையில் இருப்பான், சட்டையை இஸ்திரி போட்டிருப்பான், சொன்ன நேரத்துக்கு வருவான், ஒரு பொய்கூடச் சொல்லியிருக்க மாட்டான். இவ்வளவு குற்றங்கள் செய்தவனுக்குப் பெண் கொடுக்க ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டிவி முன்னால் உட்கார்ந்திருக்கும் எந்த வீடும் சம்மதித்ததில்லை.

ஏன் என்று அவள் நிறைய யோசித்திருக்கிறாள். ஜெயிக்கிறவனுக்கு நாம் தேவையில்லை. நாம் கைதட்டினாலும் அவன் ஜெயிப்பான், தட்டாவிட்டாலும் ஜெயிப்பான். தோற்கிறவன் அப்படி இல்லை. அவன் பக்கத்தில் ஒரு நாற்காலி எப்போதும் காலியாக இருக்கிறது. நாம் போய் உட்கார்ந்தால்தான் அவன் உருப்படப் போகிறான் என்று ஒரு நினைப்பு. இதற்கு இரக்கம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். கிட்டப் போய்ப் பார்த்தால் அதில் முக்கால்வாசி அகம்பாவம்.

யோசித்துக் கண்டுபிடித்தது எல்லாம் சரிதான். ஆனால் கண்டுபிடிப்பதற்கு முன்னாலேயே அவள் அந்த நாற்காலியில் போய் உட்கார்ந்துவிட்டிருந்தாள்.

அவளுடைய அப்பா பேருந்து நிலையத்தில் நேரக்காப்பாளர். எந்த வண்டி எப்போது வந்தது, எவ்வளவு தாமதம் என்று எழுதுகிற வேலை. வீட்டிலும் அதையேதான் செய்தார். அரிச்சந்திரனே வந்தாலும் "ஏன் லேட்டு?" என்று கேட்டிருப்பார். அவர் யாரையும் அடித்ததில்லை, குடித்ததில்லை, ஒரு பொய் சொன்னதில்லை. தவறே செய்யாததால் ஒருமுறைகூட மன்னிப்புக் கேட்டதும் இல்லை. தவறு செய்யாத மனிதரோடு ஒரே கூரையின் கீழ் வாழ்ந்து பார்க்காதவர்களுக்கு அந்தக் குளிர் தெரியாது.

அவளுடைய அக்கா, அப்பாவுக்குப் பிடிக்காத ஒருவரோடு கல்யாணத்தை முடித்துக்கொண்டு ஒரு மாலை வாசலில் வந்து நின்றாள். அப்பா சத்தம் போடவில்லை. கதவைப் பார்த்தார், அப்புறம் அம்மாவைப் பார்த்தார். அம்மா எழுந்து போய்க் கதவை மூடித் தாழ்ப்பாள் போட்டாள். வெளியே அக்கா கொஞ்ச நேரம் தட்டினாள், பிறகு தட்டவில்லை. சின்னவள் சாப்பாட்டு மேசையடியில் உட்கார்ந்து, அம்மாவின் கை தாழ்ப்பாள் மேல் இருப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அக்கா அதன் பிறகு வெகுதூரம் போய்விட்டாள். அப்பா செத்ததற்கும் வரவில்லை.

இப்படிப்பட்ட வீட்டிலிருந்து வந்தவள் முதன்முதலாக ஒலிப்பதிவுக் கூடத்துக்குள் நுழைந்த அன்று, நாயகனுக்குக் குரல் கொடுக்க வேண்டியவன் வரவே இல்லை. எல்லாரும் காத்திருந்து சலித்துப்போன நேரத்தில் மூச்சு வாங்க வந்து நின்றான்.

"மன்னிச்சிடுங்க. வழில ஒரு நாய்க்கு அடிபட்டுடுச்சு."

"நாய் எப்படி இருக்கு?" என்று அவள் கேட்டாள்.

அவன் யோசித்தான். "எந்த நாய்?" என்றான்.

அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. மாட்டிக்கொண்டோம் என்று தெரிந்ததும் அவன் காது மடல் சிவந்தது. ஒரு மனிதன் தவறு செய்துவிட்டு அதற்காக வெட்கப்படுவதை அவள் அதுவரை பார்த்ததே இல்லை. அவள் வீட்டில் யாருக்கும் அந்த வசதி இருந்ததில்லை.

அன்று ஓடியது லிஃப்ட்காரன் படம். அந்த இந்தி நடிகன் பேசி முடித்த பிறகும் ஒரு தடவை எச்சிலை விழுங்குவதுபோல உதட்டை மூடித் திறக்கும் பழக்கமுள்ளவன். இந்தியில் அங்கே வார்த்தை இல்லை. தமிழில் சும்மா விட்டால் சொல் விட்டுப்போனதுபோல் இருந்தது. என்ன செய்வதென்று தெரியாமல் அந்த ஓட்டையை அடைக்க அவள் 'என்னமோ' என்று ஒரு சொல்லைப் போட்டாள். நடுவில் ஒருதரம் உதடு மூடுகிறது, வேறு எந்தப் பொருளும் கிடையாது, யாருக்கும் தொந்தரவில்லை. அவன் அதைத் தயங்கித் தயங்கிச் சொன்னான். ஒளிபரப்பான பிறகு, அந்த நாயகனின் கூச்சம் தமிழ் வீடுகளைக் கொள்ளைகொண்டது. இந்தியில் பார்த்தவர்கள் இவ்வளவு கூச்சத்தைக் கண்டதில்லை. அங்கே அவன் எச்சில்தான் விழுங்கிக்கொண்டிருந்தான்.

அன்றிலிருந்து 'என்னமோ' அவனோடு ஒட்டிக்கொண்டது. வெளியிலும் அப்படியே பேசினான். "உன்னைப் பார்த்தா, என்னமோ, பொய் சொல்லவே தோணல" என்று அவளிடம் சொன்னான். அதுவே பொய். தான் அடைத்த ஓட்டையையே அவள் காதலித்தாள் என்று அப்போது யாராவது சொல்லியிருந்தால் அதற்கும் சிரித்திருப்பாள்.

ஆயிரம் பொய் சொல்லியாவது ஒரு கல்யாணம் செய்து வைக்கலாம் என்பார்கள். கல்யாணத்துக்குப் பிறகு எத்தனை சொல்லலாம் என்று எந்தப் பழமொழியும் கணக்குச் சொல்லவில்லை. மின்சாரக் கட்டணம் கட்டியாயிற்று என்பான், இருட்டில் உட்கார்ந்திருப்பார்கள். "கட்டினேனே! என்னமோ, வேற வீட்டுக்குக் கட்டிட்டேன் போல" என்பான். கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்குத் தாங்கும். இவன் கெட்டிக்காரன் இல்லை, எட்டு நிமிடம்கூடத் தாங்காது. அதனாலேயே அவளுக்குப் பயமில்லாமல் இருந்தது. கண்டுபிடிக்கப்படுகிற பொய் பொய்யே அல்ல, விளையாட்டு என்று வைத்துக்கொண்டாள். கண்டுபிடித்ததும் அவன் மன்னிப்புக் கேட்பான். எப்படிக் கேட்பான்! கூடத்தில் அழுத ஒலிப்பதிவாளர்கள் உண்டு. வீட்டில் அழுவதற்கு அவள் ஒருத்திதான். அவன் கேட்கும் மன்னிப்பு எந்தப் படத்தில் தான் எழுதியது என்று அவளுக்குத் தெரியும். சில சமயம் "அது அந்த டிராவல்ஸ் படம், போன மாசமே கேட்டாச்சு" என்பாள். "அப்ப வேற ஒண்ணு எழுதிக் குடு" என்பான். இரண்டு பேரும் சிரிப்பார்கள். மின்சாரம் வந்திருக்காது.

அப்பா போன பிறகு அம்மா அவர்களோடு வந்து இருந்தாள். கடைசியில் படுக்கையில் விழுந்தாள். வசனக்கா தொலைக்காட்சி நிறுவனத்துக்குப் போக வேண்டியிருந்த ஒரு நாள், அவன் அம்மாவைப் பார்த்துக்கொள்வதாகச் சொல்லி வீட்டில் இருந்தான். அவள் திரும்பி வருவதற்குள் அம்மா முடிந்துபோயிருந்தாள். அவன் கட்டில் பக்கத்தில் அம்மாவின் கையைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தான்.

"கஷ்டப்படல. கடைசில கண்ணத் திறந்து ஒண்ணு சொன்னாங்க" என்றான். அம்மா சொன்னது இது: "பெரியவ வந்தா சொல்லு. கதவ மூடினேனே தவிர, என்னமோ, தாழ்ப்பாள்ல வெச்ச கைய எடுக்கவே இல்லன்னு."

அவள் மேசையடியிலிருந்து பார்த்த அதே கை. உடைந்து அழுதாள். அக்காவுக்குத் தொலைபேசியில் சொன்னாள். மறுமுனையில், இத்தனை வருஷமாக அடக்கி வைத்திருந்தது ஒன்று வெடித்துக்கொண்டு வந்தது. அந்த ஒரு வாக்கியத்தை வைத்துக்கொண்டுதான் அக்கா அதன் பிறகு வாழ்ந்தாள் என்று சொன்னால் மிகையில்லை. கணவர் போனார், உடம்பும் போய்க்கொண்டிருந்தது. வாரம் தவறாமல் கூப்பிட்டு, எங்கெங்கோ சுற்றி, கடைசியில் அங்கேதான் வந்து நிற்பாள். "அம்மா சொன்னத இன்னொரு தடவ சொல்லச் சொல்லுடீ அவர." அவன் தொலைபேசியை வாங்கிச் சொல்வான். அக்கா அழுவாள், ஆறுவாள், வைத்துவிடுவாள்.

அவன் வாழ்க்கையில் சொல்லிய ஒரே உண்மை ஒருத்திக்கு உயிராக இருக்கிறது என்று வசனக்காவுக்கு அதில் ஒரு பெருமை. அவன் செய்த எல்லாவற்றுக்கும் எதிர்த் தட்டில் அந்த வாக்கியத்தை வைத்திருந்தாள். எப்போதும் தட்டு அவன் பக்கமே சாய்ந்தது.

பிறகு அவளுக்குக் கண் அறுவை சிகிச்சை. "முடிஞ்சதும் வாசல்ல நிப்பேன்" என்றான். ஒரு கண்ணில் கட்டோடு அவள் ஆஸ்பத்திரி வாசலில் நின்றாள். நிற்க முடியாமல் படிக்கட்டில் உட்கார்ந்தாள். எதிரே தேநீர்க் கடையில், நாலு பேருக்கு நடுவில், அவன் ஏதோ படத்து வசனத்தைப் பேசிக் காட்டிக்கொண்டிருந்தான். அவர்கள் சிரித்தார்கள். வெகுநேரம் கழித்து ஓடி வந்தான்.

"மன்னிச்சிடு. பஸ் ரிப்பேராயிடுச்சு, பாதி வழில எறக்கிவிட்டுட்டான்."

"எனக்கு இன்னொரு கண்ணு நல்லாத்தான் இருக்கு" என்றாள்.

காது மடல் சிவந்தது. தலையைக் குனிந்துகொண்டான். எல்லாம் வழக்கம்போல நடந்தது. ஒன்றுதான் நடக்கவில்லை: அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. வரும் வரும் என்று வீடுவரை காத்திருந்து பார்த்தாள். அது வராததால், அவன் சட்டைகளைப் பெட்டியில் அடுக்கி வாசலில் வைத்தாள்.

அவனுக்குப் போக இடம் இல்லை. ஒலிப்பதிவுக் கூடத்தின் பின்னறையில், எதிரொலி வராமல் சுவரில் ஒட்டும் நுரைப்பலகைகளை அடுக்கி அதன்மேல் படுத்துக்கொண்டான். ஒலிப்பதிவாளன் வசனக்காவிடம் முறையிட்டான்: "அக்கா, அண்ணன் குறட்டை விடறது பிரச்சனையே இல்ல, அத நுரை உறிஞ்சிடுது. ஆனா மைக் ஸ்டாண்டுல துண்டு காயப் போடறார். நேத்து கதாநாயகி அழற சீன்ல ஜட்டி தொங்குது. பாவம் அந்தப் பொண்ணு, அழறதா சிரிக்கறதான்னு தெரியாம நாலு டேக் வாங்கிடுச்சு."

"கழட்டிக் கீழ போடு."

"நான் போடலாம். நீங்க கூட்டிட்டுப் போனா ஒரேயடியாக் காலியாகும்."

அவளும் அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தாள். வீடு அவன் பொய்கள் இல்லாமல் அப்பாவின் வீடு மாதிரியே ஆகிவிட்டிருந்தது. கட்டணங்கள் கட்டப்பட்டன, விளக்குகள் எரிந்தன, குளிராக இருந்தது.

இதற்கிடையில் புதுப் படம் ஒன்று வந்தது. நாயகன் விமான நிலையத்தில் தொலைந்த பெட்டிகளைத் தேடிக் கொடுக்கும் குமாஸ்தா. நாயகியின் பெட்டி அவன் கையில்தான் இருக்கிறது. ஆனால் கொடுத்துவிட்டால் அவள் மறுபடி வர மாட்டாளே என்று, இன்னும் கிடைக்கவில்லை என்று சொல்லிக்கொண்டே இருக்கிறான். முடிவில் அவள் வேறொருவனோடு ஊரை விட்டே கிளம்புகிறாள். புறப்பாட்டு வாசலில் இவன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்து மன்னிப்புக் கேட்கிறான். அவள் மன்னிக்கிறாள். பெட்டி நிறையத் துணி வைத்திருந்தவள் அத்தனை நாள் என்ன உடுத்தினாள் என்று படத்தில் யாருக்கும் கவலையில்லை.

வேலை தொடங்கிய அன்று அவன் அவளிடம் வந்தான். "இந்தப் படம் முடியற வரைக்கும் நான் ஒண்ணும் கேக்க மாட்டேன். கடைசி சீன் பேசி முடிச்சதும் ஒரே ஒரு பதில் சொல்லு. நான் வரட்டுமா, வேண்டாமா?"

"சரி" என்றாள்.

கடைசிக் காட்சிப் பதிவு நடந்த நாளின் காலையில் அவனுடைய தலையணை உறையைத் துவைத்துக் கொடியில் போட்டாள். மனம் என்ன சொல்கிறது என்று தனியாகக் கேட்க வேண்டிய அவசியம் இருக்கவில்லை. கை தானாகவே துவைத்துவிட்டது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவன் ஒலிவாங்கி முன் நின்றான். இந்தப் பக்கம் ஒலிப்பதிவாளனும் அவளும். திரையில் நாயகன் பெட்டியைக் கீழே வைத்தான். முகம் திரை முழுக்க வந்தது. உதடு ஒட்டிப் பிரிந்தது.

"மன்னிச்சிடு" என்றது அவன் குரல். "நான் நல்லவன்னு சொல்ல வரல. நீ பக்கத்துல இருந்தா, என்னமோ, கெட்டவனா இருக்கக் கூச்சமா இருக்கு. அவ்வளவுதான். போ. போறதுன்னா போ."

ஒரே மூச்சு. ஒரு எழுத்து பிசகவில்லை. ஒலிப்பதிவாளன் விசைப்பலகை மேலிருந்து கையை எடுத்து மூக்கைத் துடைத்துக்கொண்டான். "எழுதினவங்களே அழுதா நாங்க எங்க போறது" என்று அவளைப் பார்த்துச் சொன்னான். அவள் அழுதுகொண்டிருந்தது அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது.

அவன் வெளியே வந்தான். வெளித்தாழ்வாரத்தில் குடிநீர்க் கேன் பக்கத்தில் ஒரு பெஞ்சு உண்டு. இருவரும் உட்கார்ந்தார்கள்.

"முடிஞ்சுது. சொல்லு. நான் வரட்டுமா?"

வா என்று சொல்ல வாயைத் திறந்தவளைத் தொழில் தடுத்தது. இப்போது கேட்ட மன்னிப்பை அவள் மனத்துக்குள் மறுபடி ஓட்டிப் பார்த்தாள். பெட்டியைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை. அவளே எழுதியதுதான். நெருங்கிக் காட்டும் காட்சியில் நேரம் குறைவு. என்ன தப்புச் செய்தான் என்று சொல்ல உதட்டில் இடம் இருக்காது. அவள் எழுதிய எந்த மன்னிப்பிலும் குற்றத்தின் பெயர் இருந்ததில்லை. அவன் அவளிடம் கேட்ட எந்த மன்னிப்பிலும் இருந்ததில்லை.

"எதுக்கு மன்னிப்பு?" என்று கேட்டாள்.

"எல்லாத்துக்கும்தான்."

"எல்லாத்துக்கும்னா ஒண்ணுத்துக்கும் இல்லன்னு அர்த்தம். என்ன பண்ணினீங்கன்னு சொல்லுங்க. நீளமா இருந்தாலும் பரவாயில்ல. இங்க எந்த உதட்டுக்கும் பொருந்த வேண்டாம்."

அவன் அவளுடைய வாயையே பார்த்தான். இத்தனை வருஷமாக யார் பேசினாலும் அவன் அப்படித்தான் பார்ப்பான், கண்ணைப் பார்க்க மாட்டான். அன்று மெல்ல நிமிர்ந்து கண்ணைப் பார்த்தான். அறுவை செய்த கண்ணா, செய்யாத கண்ணா என்று குழம்பி, இரண்டையும் பார்த்தான்.

"அன்னிக்கு பஸ் ரிப்பேர் ஆகல. நான் டீக்கடைல இருந்தேன். நீ படில உக்காந்தது தெரிஞ்சுது. இன்னும் ஒரு சீன் பேசிக் காட்டிட்டு வரலாம்னு இருந்துட்டேன்."

"சரி."

"கரண்ட் பில்லு..."

"அதெல்லாம் தெரியும். விடுங்க."

அவள் குரலில் இருந்த இளக்கம் அவனுக்குக் கேட்டிருக்க வேண்டும். உண்மை இவ்வளவு மலிவாகக் கிடைக்கும் என்று அவன் எதிர்பார்க்கவில்லை. கிடைத்த தைரியத்தில் மேலே போனான். தேவையில்லாமல் போனான். சிக்கனமாகப் பொய் சொல்லத் தெரியாதவனுக்கு உண்மையையும் சிக்கனமாகச் சொல்லத் தெரியவில்லை.

"அம்மா போனப்ப நான் பக்கத்துல இல்ல" என்றான்.

அவள் அவன் பக்கம் திரும்பினாள்.

"கீழ் வீட்டுக்கு விருந்தாளிங்க வந்திருந்தாங்க. என்னைக் கூப்ட்டாங்க, ஹீரோ குரல்ல பேசச் சொன்னாங்க. ரெண்டு நிமிஷம்னு போனேன். ஒண்ணொண்ணாக் கேட்டாங்க. நானும் பேசிக்கிட்டே இருந்துட்டேன். மேல வந்து பார்த்தா முடிஞ்சு போயிருந்துச்சு. கை சில்லுனு இருந்துச்சு. அப்புறந்தான் பிடிச்சுக்கிட்டு உக்காந்தேன்."

தண்ணீர்க் கேனுக்குள் ஒரு குமிழ் ஏறி உடைந்தது.

"அப்ப அம்மா சொன்னது?"

"அவங்க ஒண்ணும் சொல்லல. நான்தான் சொன்னேன். உன் முகத்தப் பார்த்தேன், அக்காவ நினைச்சேன். என்னமோ, வாய்ல வந்துடுச்சு." சின்னதாய்ச் சிரிக்கப் பார்த்தான். "அது ஒண்ணுதான் நான் வாழ்க்கைல சொந்தமாச் சொன்ன உருப்படியான பொய். மத்ததெல்லாம் சொதப்பிடுச்சு. அது ஒண்ணுதான் நின்னுச்சு."

வசனக்கா சத்தத்தை நிறுத்திவிட்டு அந்த வாக்கியத்தைப் பார்த்தாள். கதவ மூடினேனே தவிர. உதடு மூடித் திறக்கிறது. என்னமோ. மறுபடி மூடித் திறக்கிறது. அம்மா உயிரோடிருந்தவரை 'என்னமோ' என்று ஒருநாளும் சொன்னதில்லை. அது அன்றைக்கே அவள் காதில் உறுத்தியது. சாகிற நாக்கு எதையும் சொல்லும் என்று சமாதானம் செய்துகொண்டாள். தாழ்ப்பாளும் கையும் அவ்வளவு கச்சிதமாகப் பொருந்தியிருந்தன. பொருந்துகிறதா என்று மட்டுமே பார்க்கப் பழகிய கண்.

"சொந்தமா இல்ல" என்றாள். "நான் எழுதினது."

"எது?"

"லிஃப்ட்காரன் படம். இடைவேளைக்கு முன்னாடி. அவ அப்பா செத்துடுவார். கடைசியா என்ன சொன்னார்னு அவ கேப்பா. அவர் ஒண்ணுமே சொல்லியிருக்க மாட்டார். இவன் அவளுக்காகச் சொல்லுவான். கதவ மூடினேனே தவிர, தாழ்ப்பாள்ல வெச்ச கைய எடுக்கவே இல்லன்னு. எங்க வீட்டுத் தாழ்ப்பாள நினைச்சுத்தான் எழுதினேன். நீங்கதான் பேசினீங்க. அம்மா சொன்னதுன்னதும் அன்னிக்கு எனக்கே அது ஞாபகம் வரல."

அவனுக்கு நிஜமாகவே நினைவில்லை. அது முகத்தில் தெரிந்தது. பேசிய ஆயிரம் வசனங்களில் ஒன்று உள்ளே தங்கி, தேவைப்பட்ட நேரத்தில் சொந்தச் சொல்போல எழுந்து வந்திருக்கிறது. தான் செய்த ஒரே நல்ல காரியமும் தன்னுடையது இல்லை என்று தெரிந்த மனிதனின் முகம் அது. படமாக இருந்தால் அந்த முகத்துக்காகவே அவனை மன்னித்துவிடுவார்கள். லிஃப்ட்காரன் அந்தப் பொய்யைச் சொன்ன காட்சிக்கு டிவி முன்னாலேயே விசிலடித்தார்கள் என்பது அவளுக்குத் தெரியும். விசிலடிக்கும்படி எழுதியதே அவள்தான்.

"நல்ல எண்ணத்துலதான் சொன்னேன்" என்றான்.

"தெரியும்."

"அக்காவுக்கு அது..."

"தெரியும்னு சொல்றேன்ல."

அவன் கேட்டான்: "அப்ப நான் வரட்டுமா, வேண்டாமா?"

அவன் பொய் சொன்ன ஒவ்வொரு தடவையும் அவள் கதவைத் திறந்திருக்கிறாள். அவன் முதன்முதலாகத் தப்பின் பெயரைச் சொல்லி, தயங்காமல், பொருத்தம் பார்க்காமல் மன்னிப்புக் கேட்டிருக்கிறான். இதைத்தான் அவள் கேட்டிருந்தாள். இதை மட்டும் அவளால் வாங்கிக்கொள்ள முடியவில்லை. இதில் அவள் போய் உட்கார ஒரு நாற்காலியும் இல்லை. இதில் இருந்தது ஒரு கட்டில். அதில் யாரும் பக்கத்தில் இல்லாமல் அம்மா செத்துக்கொண்டிருந்தாள். கீழே விருந்தாளிகள் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் சிரித்ததும் அவள் எழுதிய வசனத்துக்காகத்தான் இருக்கும்.

"வேண்டாம்" என்றாள்.

காது மடல் சிவக்கவில்லை. அவன் தலையை ஆட்டிவிட்டு எழுந்தான். கூடத்தின் கனத்த கதவைத் திறந்தவன், உள்ளே போகாமல் திரும்பினான். "அந்த ரெண்டாவது ரீல்ல ஒரு வரி உதட்டுக்குப் பொருந்தாம தட்டுது. நாளைக்கு மாத்தித் தரியா?"

"தரேன்."

கதவு சத்தமில்லாமல் மூடிக்கொண்டது. சத்தமில்லாமல் மூடுவதற்காகவே செய்த கதவு.

வீட்டில் தலையணை உறை காய்ந்து விறைத்திருந்தது. எடுத்து மடித்தாள். எங்கே வைப்பதென்று தெரியாமல் கையில் வைத்துக்கொண்டிருந்தபோது தொலைபேசி அடித்தது. அக்கா.

மூட்டுவலி, மாத்திரை மாற்றியது, பக்கத்து வீட்டுப் பூனை எல்லாம் வந்து போயின. எல்லாவற்றுக்கும் அவள் உம் கொட்டினாள்.

"அவர் இருக்காராடீ?"

"இல்லக்கா. ரெக்கார்டிங்."

"இன்னுமா உங்களுக்குள்ள சண்டை? போதும், கூட்டிக்கோடீ. ஆயிரம் இருந்தாலும் அம்மா கைய பிடிச்சுக்கிட்டு இருந்த மனுஷன். எனக்குக் கிடைக்காதது அவருக்குக் கிடைச்சுது."

அவள் உறையை இன்னொரு மடிப்பு மடித்தாள். சொல்லிவிடலாம். ஒரு வாக்கியம் போதும். அப்பா இருந்தால் சொல்லியிருப்பார். எத்தனை மணிக்கு அந்தக் கை சில்லிட்டுப் போயிருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்லியிருப்பார்.

"சரி, அவர் இல்லன்னா நீயே சொல்லு" என்றாள் அக்கா. "அம்மா சொன்னத. இன்னிக்கு உடம்பு என்னவோ போல இருக்கு."

வாழ்நாள் முழுக்க அடுத்தவர் வாய்க்கு எழுதியவள். அவள் குரலில் ஒரு வரிகூட எந்த நாடாவிலும் இல்லை. தொண்டையைச் சரிசெய்துகொண்டாள்.

"பெரியவ வந்தா சொல்லு. கதவ மூடினேனே தவிர, தாழ்ப்பாள்ல வெச்ச கைய எடுக்கவே இல்லன்னு."

மறுமுனையில் வழக்கமாக வரும் அழுகை வரவில்லை. அக்கா ஏதோ கணக்குப் பார்ப்பதுபோல இருந்தாள்.

"ஏய், நடுவுல ஒண்ண விட்டுட்டியே" என்றாள். "அம்மா 'என்னமோ'ன்னு சொன்னாங்கல்ல. அதுலதான்டீ அம்மா இருக்காங்க. அதையும் சேர்த்துச் சொல்லு."

கண்ணை மூடிக்கொண்டு, அவன் நிறுத்தும் இடத்தில் நிறுத்தி, அவள் சேர்த்துச் சொன்னாள்.